வீட்டுக் கடனின் முழு விலை: கையெழுத்திடும் முன் கேட்க வேண்டிய கேள்விகள்

வீட்டுக் கடன் வாங்கப் போகிறவர்களும், வாங்கிச் சில ஆண்டுகள் தவணை கட்டியவர்களும் பெரும்பாலும் கேட்கும் கேள்விகளுக்கான பதில்கள் இங்கே தரப்பட்டுள்ளன. வேறுவிதமாகக் குறிப்பிடாத இடங்களில், 50 லட்சம் ரூபாய்க் கடன், ஆண்டுக்கு 8.5 சதவீத வட்டி, 20 ஆண்டுக் காலம் என்ற ஒரே கணக்கையே எடுத்துக்கொண்டிருக்கிறோம். உங்கள் கடன் 25 லட்சம் என்றால் தவணையையும் வட்டித் தொகையையும் பாதியாக்கிக்கொள்ளலாம்.

மாதத் தவணை எவ்வளவு என்று வங்கியில் சொல்லிவிட்டார்கள். சம்பளத்தில் அதைக் கட்ட முடியும் என்றால் போதாதா?

கட்ட முடியுமா என்பது ஒரு கேள்வி; மொத்தமாக எவ்வளவு கட்டப்போகிறோம் என்பது வேறொரு கேள்வி. மாதத் தவணை முதல் கேள்விக்குத்தான் பதில் சொல்கிறது. நம் கணக்கில் தவணை 43,391 ரூபாய். அதை 240 மாதங்கள் கட்டினால் மொத்தம் சுமார் 1 கோடியே 4 லட்சம் ரூபாய் ஆகிறது. அதாவது 50 லட்சம் அசலுக்கு 54 லட்சத்துக்கும் மேல் வட்டி.

இதை வீட்டின் விலையோடு சேர்த்துப் பாருங்கள். ரிசர்வ் வங்கியின் விதிப்படி, 30 லட்சத்துக்கு மேல் 75 லட்சம் வரையிலான கடனுக்குச் சொத்து மதிப்பில் 80 சதவீதத்துக்கு மேல் கடன் தர முடியாது. எனவே 50 லட்சம் கடன் என்றால் வீட்டின் விலை குறைந்தது 62.5 லட்சம், கையிலிருந்து போட வேண்டியது 12.5 லட்சம். அதோடு தமிழ்நாட்டில் கிரயப் பத்திரத்துக்கு முத்திரைத் தீர்வையும் பதிவுக் கட்டணமுமாகச் சேர்த்து 9 சதவீதம், அதாவது 5.62 லட்சம் ரூபாய். எல்லாவற்றையும் கூட்டினால், 62.5 லட்சம் ரூபாய் வீட்டுக்காக நீங்கள் கொடுப்பது 1 கோடியே 22 லட்சத்தைத் தொடுகிறது. பேரம் பேசி வீட்டு விலையில் ஒரு லட்சம் குறைத்ததற்காக மகிழும் குடும்பங்கள், கடன் ஒப்பந்தத்தில் இருக்கும் 54 லட்சத்தைப் பற்றி ஒரு வார்த்தைகூடப் பேசாமல் கையெழுத்திடுவதைப் பார்க்கும்போது மனம் வருந்துகிறது. இந்தப் பக்கத்தை எழுதக் காரணமும் அதுதான்.

ஐந்து ஆண்டுகள் ஒழுங்காகக் கட்டியும் அசல் குறையவே இல்லையே. வங்கி ஏமாற்றுகிறதா?

இல்லை. கடன் அட்டவணை இயங்கும் விதமே அப்படித்தான். ஒவ்வொரு மாதமும் அப்போது நிலுவையில் இருக்கும் அசலுக்கான வட்டி முதலில் எடுத்துக்கொள்ளப்படுகிறது. தவணையில் மிஞ்சுவதுதான் அசலில் கழிகிறது. முதல் மாதத்தில் 50 லட்சத்துக்கான வட்டி 35,417 ரூபாய். ஆகவே 43,391 ரூபாய்த் தவணையில் அசலுக்குப் போவது வெறும் 7,974 ரூபாய்.

முதல் ஆண்டு முழுவதும் நீங்கள் கட்டுவது சுமார் 5.21 லட்சம், கடன் குறைவதோ ஒரு லட்சத்துக்கும் சற்றுக் குறைவாகவே. ஐந்து ஆண்டுகளில் 26 லட்சம் கட்டியிருப்பீர்கள், நிலுவை இன்னும் 44 லட்சத்துக்கு மேல் இருக்கும். பத்தாவது ஆண்டின் முடிவில், காலத்தில் பாதி கடந்த நிலையில், 35 லட்சம் மீதி. தவணையில் அசலின் பங்கு வட்டியின் பங்கை முந்துவது பன்னிரண்டாம் ஆண்டின் கடைசி வாக்கில்தான். கடனில் பாதி அடைபடுவதற்கு ஏறக்குறைய 13 ஆண்டுகள் 10 மாதங்கள் ஆகின்றன.

இதிலிருந்து இரண்டு நடைமுறை உண்மைகள் புரியும். ஐந்தாறு ஆண்டுகளில் வீட்டை விற்றுவிட்டு வேறு ஊருக்குப் போகக்கூடியவர், தவணை கட்டியதால் தன் பங்கு வெகுவாக வளர்ந்திருக்கும் என்று எதிர்பார்க்கக் கூடாது. இரண்டாவதாக, கடனை விரைவாக அடைக்க நினைப்பவருக்கு முதல் ஐந்து ஆண்டுகளே பொன்னான காலம். அதற்கான கணக்கு கீழே வருகிறது.

முப்பது ஆண்டுகளாக எடுத்தால் தவணை குறைகிறதே. அது நல்லதுதானே?

மாதத்துக்கு 4,945 ரூபாய் குறைகிறது. தவணை 38,446 ஆகிறது. ஆனால் மொத்த வட்டி 54 லட்சத்திலிருந்து 88 லட்சத்துக்கு மேல் ஏறுகிறது. ஐயாயிரம் ரூபாய் மாதச் சலுகைக்கு நீங்கள் தரும் விலை 34 லட்சம் ரூபாய். மறுபுறம், அதே கடனை 15 ஆண்டுகளாக எடுத்தால் தவணை 49,237 ரூபாய், மொத்த வட்டி 38.6 லட்சம். இருபது ஆண்டுக் கடனை விட மாதம் 5,846 ரூபாய் கூடுதலாகக் கட்டினால், வட்டியில் 15 லட்சத்துக்கு மேல் மிச்சம்.

வட்டி விகிதத்தில் கால் சதவீதம் குறைவாகத் தரும் வங்கியைத் தேடி ஊரெல்லாம் அலைபவர்கள், காலத்தைத் தேர்ந்தெடுக்கும்போது விண்ணப்பப் படிவத்தில் முகவர் எழுதியதை அப்படியே ஏற்றுக்கொள்கிறார்கள். வீட்டுக் கடனின் செலவைத் தீர்மானிப்பதில் விகிதத்துக்கு இணையாக, பல நேரங்களில் அதைவிட அதிகமாக, ஆண்டுகளின் எண்ணிக்கையே பேசுகிறது என்பதே எங்கள் உறுதியான கருத்து. ஆயினும் வருமானம் நிச்சயமில்லாதவர்கள், பிள்ளைகளின் படிப்புச் செலவு நெருங்குகிறவர்கள், நீண்ட காலத்துக்கு ஒப்பந்தம் செய்துகொண்டு முடிந்தபோதெல்லாம் கூடுதலாகக் கட்டுவது பாதுகாப்பானது. அந்தக் கூடுதலை உண்மையிலேயே கட்ட வேண்டும் என்பதே அதன் நிபந்தனை.

என் தவணை மாறவில்லை. ஆனால் கடன் முடியும் ஆண்டு தள்ளிப்போயிருக்கிறது. எப்படி?

ஃப்ளோட்டிங் எனப்படும் மாறும் வட்டியில் இருப்பவர்களுக்கு இது நேர்கிறது. 2019 அக்டோபர் 1 முதல் வங்கிகள் வழங்கும் மாறும் வட்டி வீட்டுக் கடன்கள் ரெப்போ (வங்கிகளுக்கு ரிசர்வ் வங்கி கடன் தரும் வட்டி விகிதம்) போன்ற ஒரு வெளி அளவுகோலோடு இணைக்கப்பட வேண்டும்; மூன்று மாதங்களுக்கு ஒருமுறையாவது வட்டி மாற்றியமைக்கப்பட வேண்டும். ரெப்போ ஏறினால் உங்கள் வட்டியும் ஏறும். அப்போது தவணையை உயர்த்துவதற்குப் பதிலாகக் காலத்தை நீட்டிவிடுவதே வங்கிகளின் வழக்கமாக இருந்தது.

2022 மே மாதத்தில் தொடங்கி 2023 பிப்ரவரிக்குள் ரெப்போ விகிதம் 4 சதவீதத்திலிருந்து 6.5 சதவீதமாக உயர்ந்தது. 2022-இன் தொடக்கத்தில் 7 சதவீத வட்டியில், 20 ஆண்டுகளுக்கு 50 லட்சம் வாங்கிய ஒருவரை எண்ணிப் பாருங்கள். அவருடைய தவணை 38,765 ரூபாய். ஓராண்டில் வட்டி 9.5 சதவீதம் ஆகிறது. நிலுவை 49 லட்சமாகக் குறைந்திருந்தாலும் அதற்கான ஒரு மாத வட்டி 38,792 ரூபாய். தவணை வட்டிக்கே போதவில்லை. அவர் தவறாமல் கட்டிக்கொண்டே இருப்பார். கடன் குறையாமல் கூடிக்கொண்டே போகும்.

இந்த நிலை பரவலான பிறகு, 2023 ஆகஸ்டில் ரிசர்வ் வங்கி ஓர் உத்தரவு பிறப்பித்தது. வட்டி மாறும்போது தவணையை உயர்த்துவதா, காலத்தை நீட்டுவதா, இரண்டையும் சிறிது சிறிது செய்வதா என்று தேர்ந்தெடுக்கும் உரிமை கடன் வாங்கியவருக்கு உண்டு. நிலையான வட்டிக்கு மாறும் வாய்ப்பும் தரப்பட வேண்டும் என்று அப்போது சொல்லப்பட்டிருந்தது; 2025 அக்டோபர் முதல் அதைத் தருவது வங்கியின் விருப்பம். தவணை வட்டிக்குக்கூடப் போதாத நிலைக்குக் கடன் போய்விடக் கூடாது. மேலும், இதுவரை வசூலான அசல், வட்டி, மீதமுள்ள தவணைகளின் எண்ணிக்கை ஆகியவற்றைக் காட்டும் அறிக்கையை ஒவ்வொரு காலாண்டிலும் தர வேண்டும். அந்த அறிக்கையைத் திறந்து, மீதமுள்ள தவணைகள் என்ற ஒரே ஒரு எண்ணை மட்டுமாவது பாருங்கள். அது கூடியிருந்தால், தவணையை உயர்த்தச் சொல்லி எழுத்து மூலம் கேட்பதே பெரும்பாலானோருக்கு நல்லது.

2025-இல் காற்று எதிர்த்திசையில் வீசியது. பிப்ரவரியில் 6.25, ஏப்ரலில் 6, ஜூனில் 5.5, டிசம்பரில் 5.25 என ரெப்போ படிப்படியாகக் குறைந்தது. வட்டி குறையும்போது தவணையைக் குறைக்காமல் அப்படியே விட்டுவைப்பவருக்குக் கடன் முன்னதாகவே முடியும். ஆண்டுகளைச் சுருக்க இதைவிட வலியில்லாத வழி கிடையாது. வீட்டுவசதி நிதி நிறுவனங்களில் கடன் வைத்திருப்பவர்கள் மட்டும் கவனிக்க வேண்டும்: வெளி அளவுகோலோடு இணைக்கும் கட்டாயம் அவற்றுக்கு இல்லை. ஆகவே ரெப்போ குறைந்தது என்ற செய்தி தானாகவே உங்கள் கணக்கில் இறங்கிவிடாது.

நிலையான வட்டி பாதுகாப்பானதல்லவா?

பெயரளவில் நிலையான வட்டி என்று சொல்லப்படும் பல கடன்கள் முதல் சில ஆண்டுகளுக்கு மட்டுமே நிலையாக இருந்து பிறகு மாறும் வட்டிக்குப் போய்விடுகின்றன. முழுக் காலத்துக்குமா, எத்தனை ஆண்டுகளுக்கா என்பதை ஒப்பந்தத்தில் படித்துப் பார்த்த பிறகே முடிவு செய்யுங்கள்.

வேறொரு வங்கி அரை சதவீதம் குறைவாகத் தருகிறது. கடனை மாற்றலாமா?

ஐந்து ஆண்டுகள் கட்டிவிட்டீர்கள், நிலுவை 44.06 லட்சம், இன்னும் 15 ஆண்டுகள் இருக்கின்றன என்று கொள்வோம். 8.5-லிருந்து 8 சதவீதத்துக்கு மாறி, அதே 15 ஆண்டுகளில் கட்டினால் தவணை 42,109 ரூபாய் ஆகிறது, மொத்தத்தில் 2.3 லட்சம் மிச்சம். அதிலிருந்து புதிய வங்கியின் செயலாக்கக் கட்டணம், சட்டக் கருத்து, மதிப்பீட்டுக் கட்டணம், மூலப்பத்திரத்தை வங்கியில் ஒப்படைப்பதைப் பதிவு செய்யும் செலவு ஆகியவற்றைக் கழித்துப் பார்க்க வேண்டும்.

ஆனால் நடைமுறையில் புதிய வங்கி பெரும்பாலும் மறுபடியும் 20 ஆண்டுகளுக்குத்தான் கணக்குப் போட்டுக் காட்டுகிறது. தவணை 36,857 ரூபாய் என்றதும் மாதம் ஆறாயிரத்து ஐந்நூறு மிச்சம் என்று மனம் நிறைகிறது. 240 மாதங்களுக்கு அது 88.46 லட்சம். பழைய வங்கியிலேயே 8.5 சதவீதத்தில் தொடர்ந்திருந்தால் மீதி 180 மாதங்களுக்குக் கட்டியிருக்க வேண்டியது 78.1 லட்சம்தான். வட்டி விகிதம் குறைந்தும் பத்து லட்சத்துக்கு மேல் கூடுதலாகக் கட்டுகிறீர்கள். கடனை மாற்றுவதென்றால் மீதமிருக்கும் ஆண்டுகளுக்கே மாற்றுங்கள்.

மாற்றுவதற்கு முன் உங்கள் வங்கியிடமே ஒரு கடிதம் கொடுங்கள். புதிய வாடிக்கையாளருக்குக் குறைந்த வட்டியைத் தந்துவிட்டுப் பழையவரை முந்தைய விகிதத்திலேயே விட்டுவைப்பது பரவலான வழக்கம். கேட்டால், ஒரு சிறு கட்டணம் பெற்றுக்கொண்டு குறைத்துத் தருவதும் உண்டு. கேட்காதவருக்கு அது தானாக வருவதில்லை.

வட்டியைத் தவிர வேறென்ன செலவுகள்?

பதிவுச் செலவை மேலே சொன்னோம். அதை வங்கி கடனில் சேர்க்காது என்பதை மறந்துவிட்டு, பத்திரப்பதிவுக்கு இரண்டு நாள் இருக்கும்போது தனிநபர் கடனுக்கு ஓடியவர்கள் உண்டு. 10 லட்சம் ரூபாய் வரையிலான சிறு வீடுகளுக்கு மட்டும், பதிவுச் செலவையும் கடன் கணக்கில் சேர்த்துக்கொள்ளத் தளர்வு உண்டு. பெண்கள் பெயரில் பதிவாகும் 10 லட்சம் வரையிலான சொத்துகளுக்கு 2025 ஏப்ரல் 1 முதல் பதிவுக் கட்டணத்தில் ஒரு சதவீதம் குறைவு. கட்டுமானத்தில் இருக்கும் அடுக்குமாடி வீட்டுக்கு 5 சதவீதம், மலிவு விலை வீடுகளுக்கு 1 சதவீதம் ஜி.எஸ்.டி. உண்டு, பணி நிறைவுச் சான்று பெற்ற வீட்டுக்கு இல்லை.

மூலப்பத்திரத்தை வங்கியில் ஒப்படைத்ததற்கான ஆவணத்தைச் சார்பதிவாளர் அலுவலகத்தில் பதிவு செய்யவும் தனியாக முத்திரைத் தீர்வையும் கட்டணமும் உண்டு. செயலாக்கக் கட்டணத்துக்கு மேல் ஜி.எஸ்.டி. உண்டு. இவற்றையெல்லாம் ஒரே தாளில் காட்ட வேண்டும் என்பதற்காக, 2024 அக்டோபர் 1 முதல் சில்லறைக் கடன்கள் (தனிநபர்களுக்கு வழங்கும் கடன்கள்) எல்லாவற்றுக்கும் முக்கிய விவர அறிக்கை தருவது கட்டாயமாகியிருக்கிறது. கட்டணங்களையும் சேர்த்துக் கணக்கிட்ட ஆண்டுச் சதவீத விகிதம் அதில் இருக்கும். இரண்டு வங்கிகளை ஒப்பிட விளம்பரத்தில் காணும் வட்டியை விட்டுவிட்டு இந்த எண்ணைப் பயன்படுத்துங்கள்.

கடனோடு காப்பீடு எடுத்தே ஆக வேண்டும் என்கிறார்கள். உண்மையா?

சம்பாதிப்பவர் இல்லாமல் போனால் குடும்பத்தின் தலையில் கடன் விழாதபடி ஓர் ஆயுள் காப்பீடு இருப்பது மிகவும் அவசியம். ஆனால் அதை வங்கி காட்டும் நிறுவனத்திடமே, ஒரே தவணையில், கடனோடு சேர்த்து எடுக்க வேண்டிய கட்டாயம் இல்லை. ஒன்றரை லட்சம் ரூபாய் பிரீமியத்தைக் கடனில் சேர்த்துவிட்டால் தவணை 1,302 ரூபாய் மட்டுமே கூடுகிறது; அதனால் யாருக்கும் உறைப்பதில்லை. இருபது ஆண்டுகளில் அந்த ஒன்றரை லட்சத்துக்கு நீங்கள் கட்டுவது 3.12 லட்சம். ஆண்டுதோறும் பிரீமியம் கட்டும் சாதாரண டேர்ம் காப்பீட்டின் (குறித்த காலத்துக்குள் இறந்தால் மட்டும் பணம் தரும் காப்பீடு) விலையைக் கேட்டு ஒப்பிட்ட பிறகு முடிவெடுங்கள்.

வரிச் சலுகை இருப்பதால் வட்டிச் சுமை குறைந்துவிடும் என்கிறார்களே?

பழைய வருமான வரி முறையில் இருப்பவர் தாம் குடியிருக்கும் வீட்டுக் கடன் வட்டியில் ஆண்டுக்கு 2 லட்சம் வரையும், அசலில் மற்ற சேமிப்புகளோடு சேர்த்து 1.5 லட்சம் வரையும் கழித்துக்கொள்ளலாம். முதல் ஆண்டு வட்டி 4.21 லட்சம். 30 சதவீத வரி வரம்பில் இருப்பவருக்குக்கூட, 2 லட்சம் கழிவினால் மிச்சமாகும் வரி, செஸ் உட்பட 62,400 ரூபாய். மீதி 3.59 லட்சம் உங்கள் கையிலிருந்துதான் போகிறது.

இப்போது இயல்பாகவே பொருந்தும் புதிய வரி முறையிலோ, சொந்தக் குடியிருப்புக்கான இந்த வட்டிக் கழிவே கிடையாது. வரி மிச்சம் பிடிப்பதற்காகக் கடனை நீட்டிவைப்பது, ஒரு ரூபாய் வட்டி கட்டி அதில் முப்பது காசு திரும்பப் பெறுவதற்காக மகிழ்வதைப் போன்றது.

கட்டி முடிக்காத வீட்டுக்கு ‘முன்-தவணை’ (ப்ரீ-இ.எம்.ஐ.) மட்டும் கட்டி வருகிறேன். அது கடனில் கழியுமா?

கழியாது. வங்கி கட்டம் கட்டமாக விடுவிக்கும் தொகைக்கான வட்டி மட்டுமே அது. 30 லட்சம் விடுவிக்கப்பட்டிருந்தால் மாதம் 21,250 ரூபாய். இரண்டு ஆண்டுகள் நீடித்தால் 5.1 லட்சம். அசலில் ஒரு ரூபாய்கூடக் குறையாது. இருக்கும் வீட்டுக்கு வாடகையும் கட்டிக்கொண்டிருப்பீர்கள். கட்டுமானம் தாமதமாகும் ஒவ்வொரு மாதத்துக்கும் இந்த விலை உண்டு என்பதால், ஒப்படைப்புத் தேதியைத் தமிழ்நாடு ரியல் எஸ்டேட் ஒழுங்குமுறை ஆணையத்தின் பதிவில் சரிபார்ப்பது அவசியம். முடிந்தால் விடுவித்த தொகைக்கே முழுத் தவணையைத் தொடங்கித் தருமாறு வங்கியைக் கேளுங்கள்.

கையில் ஒரு லட்சம் இருக்கிறது. இவ்வளவு பெரிய கடனில் அதைப் போட்டு என்ன ஆகப்போகிறது?

நிறைய ஆகும், எப்போது போடுகிறீர்கள் என்பதைப் பொறுத்து. முதல் ஆண்டின் முடிவில் ஒரு லட்சத்தை அசலில் கட்டிவிட்டுத் தவணையை மாற்றாமல் தொடர்ந்தால், கடன் 11 மாதங்கள் முன்னதாக முடிகிறது. வட்டியில் சுமார் 3.8 லட்சம் மிச்சம். அதே ஒரு லட்சத்தைப் பதினைந்தாம் ஆண்டின் முடிவில் கட்டினால் மூன்றரை மாதங்களும் 51 ஆயிரம் ரூபாயும்தான் மிச்சமாகின்றன.

சம்பளம் உயரும்போது தவணையை ஆண்டுக்கு 5 சதவீதம் உயர்த்திக்கொண்டே வருவது இன்னொரு வழி. இரண்டாம் ஆண்டில் மாதம் 2,170 ரூபாய்தான் கூடுதல். இப்படியே தொடர்ந்தால் 20 ஆண்டுக் கடன் 12 ஆண்டுகள் 3 மாதங்களில் முடிந்துவிடுகிறது. வட்டி 54 லட்சத்திலிருந்து 35 லட்சத்துக்குள் இறங்குகிறது. கடைசி மாதங்களில் தவணை 75 ஆயிரத்தைத் தாண்டும் என்பதையும் மறைக்காமல் சொல்ல வேண்டும். சம்பளம் உண்மையில் உயராத ஆண்டில் நிறுத்திக்கொள்ளலாம்.

தனிநபர்களின் மாறும் வட்டி வீட்டுக் கடனை முன்கூட்டியே அடைப்பதற்கு வங்கிகள் அபராதம் வசூலிக்க 2012 முதல் தடை இருக்கிறது. பணம் கட்டும்போது, காலத்தைக் குறைக்க வேண்டும், தவணையைக் குறைக்க வேண்டாம் என்று எழுதிக் கொடுத்து, அடுத்த அறிக்கையில் அது நடந்திருக்கிறதா என்று பாருங்கள்.

பணவீக்கம் இருக்கிறதே. இருபது ஆண்டுகள் கழித்துக் கட்டும் 43 ஆயிரத்துக்கு என்ன மதிப்பு? முதலீடு செய்வதே மேல் அல்லவா?

நியாயமான வாதம். ஆண்டுக்கு 5 சதவீதப் பணவீக்கம் என்று வைத்தால், இருபதாம் ஆண்டின் முடிவில் கட்டும் 43,391 ரூபாயின் இன்றைய மதிப்பு சுமார் 16,350 ரூபாய்தான். ஆகவே 54 லட்சம் வட்டி என்பதை இன்றைய 54 லட்சமாக எண்ணி அஞ்சத் தேவையில்லை. வாடகை ஏறிக்கொண்டே போகும்; தவணை ஏறக்குறைய அப்படியே நிற்கும் என்பதும் சொந்த வீட்டுக்குச் சாதகமான உண்மை.

ஆனால் முதலீட்டோடு ஒப்பிடும்போது ஒன்றைக் கவனியுங்கள். கடனை அடைப்பதால் கிடைக்கும் 8.5 சதவீதம் உறுதியானது. அதற்கு வரியும் இல்லை. வைப்புத்தொகை வட்டி வரிக்கு உட்பட்டது. பங்குச் சந்தை நீண்ட காலத்தில் அதிகம் தரக்கூடும், ஆனால் உறுதி கிடையாது. ஆறு மாதத் தவணைக்கும் குடும்பச் செலவுக்குமான தொகையைத் தனியே வைத்துவிட்டு, அதற்கு மேல் வருவதில் ஒரு பங்கையாவது முதல் சில ஆண்டுகளில் கடனுக்குக் கொடுப்பதே எங்கள் பரிந்துரை. கையிருப்பு முழுவதையும் கடனில் கொட்டிவிட்டு மருத்துவமனைச் செலவுக்கு நகையை அடகு வைப்பது சரியல்ல.

ஒரு தவணை தவறிவிட்டால்?

2024 ஏப்ரல் முதல், தாமதத்துக்கு அபராதக் கட்டணம் விதிக்கலாமே தவிர, அதை அபராத வட்டியாகச் சேர்க்கவோ அந்தக் கட்டணத்தின் மேல் வட்டி போடவோ கூடாது. இருந்தாலும் கடன் தகுதி மதிப்பெண் குறையும். நெருக்கடி தெரிந்தவுடன், தவணைத் தேதிக்கு முன்பே கிளைக்குச் சென்று பேசுங்கள்.

கடைசித் தவணையைக் கட்டிவிட்டேன். எல்லாம் முடிந்ததா?

இன்னும் இல்லை. கடன் முழுவதும் அடைந்த 30 நாட்களுக்குள் வங்கி மூலப் பத்திரங்களைத் திருப்பித் தர வேண்டும்; தன் தவறால் தாமதித்தால் ஒவ்வொரு நாளுக்கும் 5,000 ரூபாய் இழப்பீடு தர வேண்டும். 2023 டிசம்பர் 1 முதல் இது விதி. நிலுவையின்மைச் சான்றோடு, கடன் தொடங்கும்போது ஒப்படைத்த ஆவணங்களின் பட்டியலை வைத்து ஒவ்வொன்றாகச் சரிபார்த்து வாங்குங்கள். ஆவண ஒப்படைப்பைப் பதிவு செய்திருந்தால், கடன் தீர்ந்ததற்கான ரசீது ஆவணத்தையும் அதே சார்பதிவாளர் அலுவலகத்தில் பதிவு செய்ய வேண்டும். செய்யாவிட்டால் வில்லங்கச் சான்றில் அந்தக் கடன் நிற்கும். பத்து ஆண்டுகள் கழித்துப் பிள்ளைகள் வீட்டை விற்கப் போகும்போது, கிளை இடம் மாறிய வங்கியைத் தேடி அவர்கள் அலைய நேரிடும். பதிவு முடிந்து சில நாட்கள் கழித்துப் புதிய வில்லங்கச் சான்று ஒன்று எடுத்து, ரசீது அதில் ஏறியிருப்பதைப் பார்த்த பிறகு கோப்பை மூடுங்கள்.